ஜம்புலிங்கம் சொன்ன நல்ல செய்தி

ஐ.சி.யூ. கதவைத் தள்ளிக்கொண்டு வெளியே வந்த ஜம்புலிங்கத்துக்கு எதிரில் இருந்த யாரையும் தெரியவில்லை. உள்ளே எலும்பைத் தொடுகிற ஏ.சி. குளிர். வெளியே வராந்தாவில் மே மாதப் புழுக்கம். மூக்குக்கண்ணாடி முழுவதும் ஆவி படிந்துவிட்டது.

அப்படியே நின்றார். தலையைக் குனிந்து கண்ணாடியை மெதுவாகக் கழற்றினார். சட்டை நுனியால் துடைத்துக்கொண்டே ஒரு பெருமூச்சு விட்டார்.

"ஐயோ, அத்தே!"

கண்ணாடியை மாட்டிக்கொண்டு பார்ப்பதற்குள் அனுசுயா தரையில் உட்கார்ந்து மாரில் அடித்துக்கொண்டிருந்தாள். அவள் புருஷன் டில்லிபாபு சுவரில் தலையை முட்டிக்கொண்டிருந்தான். சம்பந்தமே இல்லாத வேறு நோயாளிகளின் சொந்தக்காரர்கள்கூட நாலைந்து பேர் முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு விசும்பினார்கள்.

ஜம்புலிங்கத்துக்கு விஷயம் விளங்கக் கொஞ்ச நேரம் ஆனது. விளங்கியதும் முதலில் வந்தது பயமில்லை, பெருமை. அவரைச் சொல்லியும் குற்றமில்லை.

ஜம்புலிங்கம் டாக்டர் இல்லை. பத்தாவதைத் தாண்டியவரும் இல்லை. ஐயப்பன்தாங்கல் பஸ் டிப்போவுக்குப் பின்னால் குடியிருக்கும் குணச்சித்திர நடிகர். டி.வி. இருக்கிற எந்த வீட்டிலும் அவர் முகம் தெரியும். பேர்தான் தெரியாது. 'சாரி சொல்ற டாக்டர்' என்றால் உடனே தெரியும்.

வாலிபத்தில் கதாநாயகனுக்கு நண்பனாக வருவதற்குத்தான் கோடம்பாக்கம் போனார். கூட்டத்தில் ஒருவராக நின்றிருந்த ஒரு நாள், டாக்டர் வேஷத்துக்கு வரவேண்டிய ஆள் வரவில்லை. வெள்ளைக் கோட்டு இவருக்கு அளவெடுத்துத் தைத்த மாதிரி இருந்தது. ஆபரேஷன் தியேட்டரிலிருந்து வெளியே வந்து, "சாரி, எங்களால முடிஞ்சதெல்லாம் செஞ்சு பாத்துட்டோம்" என்று சொல்ல வேண்டும். மற்றவர்களாக இருந்தால் சொல்லிவிட்டுப் போயிருப்பார்கள். ஜம்புலிங்கம் தலையைக் குனிந்து கண்ணாடியைக் கழற்றினார். டைரக்டர் சொல்லித்தந்ததல்ல, அவராகச் செய்தது. ஸெட்டில் லைட்மேன் ஒருவர் விளக்கைப் பிடித்தபடியே அழுதுவிட்டார்.

அன்றிலிருந்து சினிமாவில் யார் செத்தாலும் ஜம்புலிங்கத்துக்கு போன் வந்தது. பிறகு சீரியல்கள் வந்தன. சாவு இன்னும் பெருகியது. இப்போதெல்லாம் வசனமே கிடையாது. "சார், நீங்க கண்ணாடிய மட்டும் கழட்டுங்க, போதும்" என்கிறார்கள்.

பேஷண்ட் பிழைத்துக்கொள்ளும் காட்சிக்கு மட்டும் அவரைக் கூப்பிட மாட்டார்கள். அதற்குச் சிவப்பாக, சிரித்த முகமாக வேறு ஆள் வைத்திருந்தார்கள். ஜம்புலிங்கம் அதைப் பெரிதாக எடுத்துக்கொள்வதில்லை. "பொழச்சிட்டாங்கன்னு எவன் வேணா சொல்லலாம். சாவைச் சொல்றதுக்குத்தான் ஆர்ட்டிஸ்ட் வேணும்" என்பார்.

அதை ஒத்துக்கொள்ளாதவள் பக்கத்து வீட்டு முனியம்மா ஒருத்திதான். டிப்போ வாசலில் இட்லிக் கடை போட்டிருப்பவள். டிரைவர், கண்டக்டர் எல்லோரையும் அதட்டியே சாப்பிடவைக்கும் வாய். "எப்பப் பாரு சாவடிச்சிகினே கீற ஜம்பு. ஒருத்தியவாச்சும் காப்பாத்தி உடேன், நானும் நிம்மதியா தூங்குவேன்ல" என்று தினமும் அவரை இழுப்பாள்.

அந்த முனியம்மாதான் முந்தாநாள் இட்லிப் பானை முன்னால் மயங்கி விழுந்து, குமணன்சாவடிப் பக்கத்தில் இருக்கும் இந்த ஆஸ்பத்திரியில் சேர்ந்திருந்தாள். இன்று காலையில் அவள் மகன் டில்லிபாபு போன் பண்ணினான்.

"அண்ணே, அம்மா உங்கள பாக்கணும்னு ஒரே அடம். 'ஜம்புவ மட்டும் உள்ள அனுப்பு, வேற யாரும் வாணாம்'னுது. ஒரு எட்டு வந்துட்டுப் போங்கண்ணே."

ஷூட்டிங் பூந்தமல்லி தாண்டி ஒரு பங்களாவில். வழியில்தானே ஆஸ்பத்திரி. ஜம்புலிங்கம் கோட்டு வைத்த பையோடு வந்து இறங்கினார். உள்ளே முனியம்மா கண்ணைத் திறக்கவே சிரமப்பட்டாள். அவர் கையைப் பிடித்துக்கொண்டாள். "எம் பொண்ணு புஷ்பாவ ஒரு தபா பாத்துட்டா போதும் ஜம்பு" என்றாள். பிறகு, "சரி, நீ வெளிய போ" என்று கண்ணை மூடிக்கொண்டாள். அந்தப் பேச்சு அவரை உலுக்கிவிட்டது. பெருமூச்சு அதற்குத்தான் வந்தது.

அதன் விளைவுதான் இப்போது வராந்தாவில் புரண்டுகொண்டிருந்தது.

"அனுசு, எழுந்திரும்மா. நான் கண்ணாடி தொடைச்சேன், அவ்ளோதான்!"

"எனுக்குத் தெரியும்ணே, தெரியும்! உங்க வாயால சொல்ல வாணாம்!"

"டில்லி, நீயாவது கேளு. நான் ஆக்டர்டா. உனக்குத் தெரியாதா?"

"தெரியும்ணே" என்று டில்லிபாபு மூக்கை உறிஞ்சினான். "தெரிஞ்சி இன்னாத்துக்கு? நீங்க கண்ணாடிய கழட்டுனா இங்க நெஞ்சு அடைக்குதுண்ணே. எத்தினி வருசமா பாத்துகினு கீறோம்!"

ஜம்புலிங்கம் அவன் தோளைத் தொட்டார். நல்ல வார்த்தையாக நாலு சொல்ல வாயைத் திறந்தார். வாய் இத்தனை வருஷம் பழகிய வழியிலேயே போனது.

"மனசைத் திடப்படுத்திக்கப்பா."

அனுசுயா இரண்டாவது சுற்றை ஆரம்பித்தாள்.

டில்லிபாபு செல்போனை எடுத்தான். ஒரு எண்ணைப் பார்த்துக்கொண்டு அப்படியே நின்றான். அது அவன் அக்கா புஷ்பாவின் எண். வெள்ளானூரில் கட்டிக்கொடுத்திருந்தார்கள். அக்காவும் தம்பியும் பேசி நாலு வருஷம் ஆகிறது. காரணம் ஒரு பேனர். புஷ்பா மகளின் மஞ்சள் நீராட்டு விழாவுக்கு வைத்த பேனரில், தாய்மாமன் டில்லிபாபுவின் படம் தபால்தலை அளவுக்கு இருந்தது. புஷ்பாவின் கொழுந்தனார் படமோ ஆளுயரத்துக்கு, கூலிங் கிளாஸோடு. சீர்வரிசைத் தட்டுகளோடு போன டில்லிபாபு பேனரைப் பார்த்தான். வண்டியைத் திருப்பிக்கொண்டு வந்துவிட்டான். அதன் பிறகு நல்லது கெட்டது எதற்கும் போக்குவரத்து இல்லை. முனியம்மா இரண்டு பக்கமும் கெஞ்சிப் பார்த்து ஓய்ந்துபோனாள்.

"டில்லி, இப்ப யாருக்கும் போன் பண்ணாத. நான் சொல்றத..." என்று ஜம்புலிங்கம் கையை நீட்டுவதற்குள் அவன் எண்ணை அழுத்திவிட்டான்.

"அக்கா..." என்றான். அதற்கு மேல் வரவில்லை. "அக்கா... அம்மா..."

போனிலிருந்து வந்த அலறல் வராந்தா முழுக்கக் கேட்டது. பிறகு லைன் போய்விட்டது. திருப்பிக் கூப்பிட்டால் யாரும் எடுக்கவில்லை.

சரி, இவனை நேரே உள்ளே அனுப்பிக் காட்டிவிட்டால் முடிந்தது என்று ஜம்புலிங்கம் நினைத்தார். கதவருகே ஸ்டூலில் உட்கார்ந்திருந்த செக்யூரிட்டியிடம் டில்லிபாபுவை இழுத்துக்கொண்டு போனார்.

"இவங்க மகன். ஒரு நிமிஷம் பாத்துட்டு வந்துடட்டும்பா."

"இப்ப முடியாது சார். உள்ள கழுவிகினு கீறாங்க. கழுவி முடிச்சி, காயட்டும். அப்பால கூப்புடுவாங்க."

அவன் சொன்னது தரையை. டில்லிபாபு கேட்டது வேறு. தலையில் கையை வைத்துக்கொண்டு உட்கார்ந்துவிட்டான்.

"தரையப்பா, தரை!" என்று ஜம்புலிங்கம் கத்தினார்.

"தரையில படுக்க வெச்சிட்டாங்களா?" என்றாள் அனுசுயா.

அந்த நேரம் பார்த்து ஜம்புலிங்கத்தின் போன் அடித்தது. புரொடக்‌ஷன் மேனேஜர் ராகவன். எடுக்காமல் விட்டால் அந்தச் சீரியலில் இனி வேறு யாராவது கண்ணாடி கழற்றுவார்கள். எடுத்தார். அவர் போனில் காதில் வைத்துக் கேட்கிற வசதி கெட்டுப்போய் ரொம்ப நாளாகிறது. எல்லாம் ஸ்பீக்கரில்தான்.

"சார், எங்க இருக்கீங்க?" என்றது ராகவன் குரல், வராந்தாவுக்கே அறிவிப்பு மாதிரி. "அம்மா செத்து ஒரு மணி நேரமாச்சு சார்! நீங்க வெளிய வந்து சொல்லாம யாரும் அழ முடியல. எவ்ளோ நேரம்தான் பாடிய அப்படியே படுக்க வெச்சிருக்கிறது? டைரக்டர் கத்துறாரு!"

ஜம்புலிங்கம் பதறிக்கொண்டு போனை அணைத்தார்.

எல்லோரும் அந்தப் போனையே பார்த்தார்கள்.

"ஒரு மணி நேரமா..." என்றான் டில்லிபாபு மெல்ல. "ஆஸ்பத்திரி டைரக்டருக்கே தெரிஞ்சிருக்குது. நம்மகிட்டதான் சொல்லல."

"அது சினிமா டைரக்டர்டா!"

"பரவால்லண்ணே. எங்க மனசு தாங்காதுன்னு மூடி மறைக்கிறீங்க. உங்க மனசு யாருக்கு வரும்?" என்று அவர் காலைப் பிடித்துக்கொண்டான்.

இனித் தன்னால் ஆகாது, உண்மையான டாக்டர்தான் வழி என்று ஜம்புலிங்கம் முடிவு செய்தார். நர்ஸ் ஹெலினாவிடம் சொல்லி டூட்டி டாக்டரை வரவழைத்தார். அரை மணி நேரம் கழித்து டாக்டர் பரத் வந்தார். மீசை இப்போதுதான் அரும்புகிற முகம். கோட்டு போடாமல் டீ ஷர்ட்டோடு வந்து நின்றார். ஜம்புலிங்கம் நடந்ததைச் சொன்னார். பரத் சிரிப்பை அடக்கிக்கொண்டு குடும்பத்தின் பக்கம் திரும்பினார்.

"அழாதீங்க. அம்மா இப்ப நிம்மதியா தூங்கிட்டு இருக்காங்க."

அனுசுயா போட்ட சத்தத்தில் மாடியிலிருந்த இரண்டு பேர் இறங்கி வந்து எட்டிப் பார்த்தார்கள்.

"ஏங்க, உயிரோட இருக்காங்கங்க!" என்றார் பரத் அவசரமாக.

"தம்பி, நீ யாரு?" என்றான் டில்லிபாபு.

"டாக்டர்."

டில்லிபாபு அவரை மேலும் கீழும் பார்த்தான். பிறகு ஜம்புலிங்கத்தைக் காட்டினான். "பெரிய டாக்டரே வெளிய வந்து கண்ணாடிய கழட்டிட்டாரு. நீ இன்னா தம்பி அப்பால வந்து ஆறுதல் சொல்ற?"

ஆறு வருஷம் படித்துவிட்டு வந்த பரத் ஜம்புலிங்கத்தைப் பார்த்தார். ஜம்புலிங்கம் மன்னிப்புக் கேட்கிற மாதிரி தலையை ஆட்டினார். ஆனால் மனசுக்குள் எங்கோ ஒரு மூலையில் கைதட்டல் கேட்டதை மறுக்க முடியாது.

"டாக்டர், ஒண்ணு பண்ணலாம். தரை காயற வரைக்கும் இவங்கள உள்ள விட மாட்டீங்க. நான் மட்டும் போய் வீடியோ கால்ல காட்டிடறேன்."

"என்னமோ பண்ணுங்க சார்" என்றார் பரத்.

செருப்பைக் கழற்றிவிட்டு, தரை ஈரத்தில் வழுக்காமல் ஜம்புலிங்கம் உள்ளே போனார். டில்லிபாபுவுக்கு வீடியோ கால் போட்டு, போனை முனியம்மா முகத்துக்கு நேரே பிடித்தார்.

"அக்கா, முனிம்மாக்கா. கண்ணத் திறந்து உங்க புள்ளயப் பாருங்க."

முனியம்மா அசையவில்லை. வாய் லேசாகத் திறந்திருந்தது. மூக்கில் குழாய்.

"அக்கா, கையாவது ஆட்டுங்கக்கா!"

முனியம்மாவின் கை கட்டிலிலிருந்து நழுவித் தொங்கியது.

போனுக்குள்ளிருந்து, "தலை தொங்கிடுச்சு!" என்று அனுசுயா குரல் வந்தது. தொங்கியது கைதான். ஜம்புலிங்கம் போனை அணைத்துச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டு கட்டில் பக்கம் குனிந்தார். முனியம்மா ஒரு கண்ணை மட்டும் திறந்தாள்.

"புஷ்பா வந்துட்டாளா?"

"இன்னும் இல்லக்கா. ஆனா இப்ப..."

கண் மூடிக்கொண்டது. பாவம், மயக்கத்திலும் மகள் நினைப்புதான் என்று நினைத்துக்கொண்டு ஜம்புலிங்கம் அவள் கையை எடுத்துக் கட்டில் மேல் வைத்தார்.

அவர் வெளியே வரும்போது வராந்தாவில் நிற்க இடமில்லை. வெள்ளானூரிலிருந்து ஒரு குட்டி யானை வண்டி நிறைய ஆட்கள் வந்து இறங்கியிருந்தார்கள். ஒருவர் தோளில் ரோஜா மாலை, லாரிச் சக்கரம் அளவுக்கு. இன்னொருவர் கையில் ஊதுவத்திக் கட்டு. மேளக்காரர்கள் கேட்டுக்கு வெளியே தீ மூட்டித் தோலைக் காய்ச்சிக்கொண்டிருப்பதாக யாரோ சொன்னார்கள். எல்லோருக்கும் முன்னால் தலைவிரி கோலமாகப் புஷ்பா.

"டில்லீ!"

"அக்கா!"

நாலு வருஷமாக ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்காத இரண்டு பேரும் வராந்தா நடுவில் கட்டிப் பிடித்துக்கொண்டு கதறினார்கள். "அண்ணி" என்று அனுசுயாவும் போய்ச் சேர்ந்துகொண்டாள்.

"அம்மா உன் பேர்தான்க்கா சொல்லிகினே இருந்துச்சு. நான்தான் உன்னைக் கூப்புடல. என்னா மனுசன் நானு!"

"நீ இன்னாடா பண்ணுவ? தப்பு எம்மேலதான். அன்னிக்கு பேனர்ல உன் படத்த அந்த மாதிரி போட்டிருக்கக் கூடாது. இந்தா பாரு." புஷ்பா கண்ணைத் துடைத்துக்கொண்டு செல்போனைக் காட்டினாள். "வர்ற வழியிலயே அம்மாவுக்கு கண்ணீர் அஞ்சலி பேனர் சொல்லிட்டேன். உன் படத்தத்தான் பெருசா போட்டுக்கீறேன்."

டில்லிபாபு பார்த்தான். பேனரில் அவன் படம் ஆளுயரத்துக்கு இருந்தது. கூலிங் கிளாஸும் யாரோ போட்டுவிட்டிருந்தார்கள். அம்மா ஓரத்தில் ஒரு வட்டத்துக்குள் இருந்தாள்.

"இம்மாம் பெருசா எதுக்குக்கா?" என்று சொல்லிவிட்டு, அக்கா தோளில் சாய்ந்து விம்மினான்.

ஜம்புலிங்கம் கேட் பக்கம் எட்டிப் பார்த்தார். மேளம் வேறு காய்ந்துகொண்டிருக்கிறது. இன்னும் பத்து நிமிஷம் விட்டால் இவர்களே உள்ளே நுழைந்து, உயிரோடு இருக்கிறவள் கழுத்தில் அந்த மாலையைப் போட்டுவிடுவார்கள். அவர் நல்லவிதமாகச் சொன்ன எதையும் யாரும் நம்பவில்லை. டாக்டர் சொல்லையும் நம்பவில்லை. இவர்கள் நம்பிய ஒரே ஆள் அந்தக் கோட்டுக்குள் இருக்கிற ஆள்தான்.

பரத் பக்கம் போனார். "டாக்டர், ரெண்டே நிமிஷம். நான் கோட்டு போட்டுக்கிட்டு உங்க வார்த்தைய அப்படியே சொல்லிடட்டுமா? அம்மா நல்லா இருக்காங்க இல்ல? உறுதியா?"

"நூறு பர்சென்ட் நல்லா இருக்காங்க சார். பி.பி. கொஞ்சம் ஏறி இருந்துச்சு, அதுவும் இறங்கிடுச்சு. நான் சொன்னாதான் நம்ப மாட்டேங்கறாங்களே. நீங்களே சொல்லிடுங்க. இவங்க சத்தத்துல மத்த பேஷண்ட்டுக்கெல்லாம் பி.பி. ஏறுது."

ஜம்புலிங்கம் பையிலிருந்து கோட்டை எடுத்து மாட்டினார். ஸ்டெதஸ்கோப்பைக் கழுத்தில் போட்டார். கதவுக்குள் ஒரு அடி போய், நின்று, மூச்சை இழுத்தார். இந்த வசனம் அவருக்குப் புதுசு. ஒத்திகை கிடையாது. சொல்வதற்கு முன் எங்கே பார்க்க வேண்டும், எங்கே நிறுத்த வேண்டும் என்று எதுவும் தெரியாது. சாவுக்கென்றால் ஆயிரம் தினுசு வைத்திருந்தார்.

கதவைத் திறந்துகொண்டு வந்தார். வராந்தா அடங்கியது. எல்லாக் கண்களும் அவர் வலது கையின் மேல் இருந்தன. அது கண்ணாடிப் பக்கம் போகிறதா என்று.

போகவில்லை. ஜம்புலிங்கம் தலையை நிமிர்த்தினார். டில்லிபாபுவை நேராகப் பார்த்தார். சிரிக்க முயன்றார். சிரிப்பு கோணலாகத்தான் வந்தது, ஆனால் வந்தது.

"பொழச்சிட்டாங்க!"

குரல் உடைந்துவிட்டது. அது நடிப்பில்லை.

கண்ணாடி மூக்கின் மேலேயே இருந்தது. பிறகு டில்லிபாபு மெதுவாகச் சொன்னான்.

"அக்கா, அம்மா உயிரோடதான் கீது."

"எப்பிட்றா சொல்ற?"

"இந்த மனுசன் இது வரைக்கும் ஒருத்தரக்கூட பொழச்சதா சொன்னதில்லக்கா. அவரே சொல்றாருன்னா உண்மையாத்தான் இருக்கும்!"

வராந்தா வெடித்தது. அனுசுயா முதலில் சிரித்தாள், பிறகு மறுபடி அழுதாள். ஊதுவத்தி கொண்டுவந்தவர் ஊதுவத்தியைச் சுவரிலிருந்த பிள்ளையார் படத்துக்கு ஏற்றினார். மாலை கொண்டுவந்தவர் என்ன செய்வதென்று பார்த்துவிட்டு அதை ஜம்புலிங்கம் கழுத்தில் போட்டார். வெளியே மேளக்காரர்களுக்கு விஷயம் தெரிந்து, காய்ச்சின மேளம் வீணாகக் கூடாதென்று கல்யாண அடியாக ஒன்று அடித்தார்கள். சம்பந்தமில்லாத நோயாளிகளின் சொந்தக்காரர்கள் வரிசையாக வந்து, "சார், எங்க அப்பாவுக்கும் இதே மாதிரி சொல்லிட்டுப் போங்க சார்" என்று கையைப் பிடித்தார்கள். ஜம்புலிங்கம் எல்லோரையும் பணிவாகப் பரத் பக்கம் திருப்பிவிட்டார். "சார்தான் டாக்டர். நான் அவரு சொன்னதைச் சொன்னேன்" என்றார். பரத்துக்கு முகம் மலர்ந்தது.

தரை காய்ந்ததும் புஷ்பாவும் டில்லிபாபுவும் கைகோத்தபடி உள்ளே போனார்கள். ஜம்புலிங்கம் கதவோரம் நின்று பார்த்தார்.

முனியம்மா இரண்டு பேரையும் பார்த்தாள். இரண்டு பேர் கையையும் எடுத்து ஒன்றாக வைத்தாள். அதற்கு ஒரு கை போதாமல் இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டாள். புஷ்பாதான் முதலில், "இனிமே சண்டையே போட மாட்டோம்மா" என்றாள். பேச்சுவாக்கில் பேனரையும் காட்டிவிட்டாள்.

முனியம்மா போனை வாங்கித் தூரப் பிடித்துப் பார்த்தாள்.

"செத்தது நானு. எம்மூஞ்சிய இம்மாந்தூண்டு போட்டுக்கீறியே! நாளைக்கு நெசமா போவும்போது ஒழுங்கா போடு."

மூன்று பேரும் சிரித்த சிரிப்பில் பக்கத்துக் கட்டில்காரர் கண் விழித்தார்.

ஜம்புலிங்கம் வராந்தாவுக்குத் திரும்பினார். மாலை இன்னும் கழுத்தில் இருந்தது. போனை எடுத்து ராகவனைக் கூப்பிட்டார்.

"ராகவன், இதோ கிளம்பிட்டேன். டைரக்டர்கிட்ட சொல்லுங்க. இன்னிக்கு அந்த அம்மா சாகறதில்ல."

"சார்! அவங்க செத்தாத்தான சார் சொத்துப் பிரச்சினை ஆரம்பிக்கும்?"

"கதைய அவரு மாத்திக்கட்டும். பொழச்சிட்டாங்கன்னு நான் சொல்றேன், ஒரே ஒரு தடவை எடுத்துப் பாக்கச் சொல்லுங்க. யூனிட்டே அழலன்னா நான் கோட்டைக் கழட்டிக் குடுத்துட்டுப் போறேன்."

ராகவன் என்ன சொல்கிறான் என்று கேட்காமலே வைத்துவிட்டார். இருபது வயதில் கோடம்பாக்கத்தில் பஸ் இறங்கியபோது நடந்த நடை அவருக்குத் திரும்பி வந்திருந்தது. எதிரே மருந்துத் தட்டோடு நர்ஸ் ஹெலினா வந்துகொண்டிருந்தாள். அவளிடமாவது சொல்லாமல் போக அவரால் முடியவில்லை.

"பாத்தீங்களா சிஸ்டர்? நாலு வருஷப் பகை. பெத்த தாய் கெஞ்சியும் நடக்கல. நான் ஒருத்தன் சும்மா வெளிய வந்து நின்னேன், குடும்பமே ஒண்ணு சேந்துடுச்சு. நடிப்புன்னா சும்மாவா?"

"நல்லா பண்ணீங்க சார்" என்றாள் ஹெலினா. "நாங்க அந்தம்மாவ காலையிலயே வார்டுக்கு மாத்திட வேண்டியது. அவங்கதான், 'எம் பொண்ண வரவழைக்க பக்கத்து ஊட்டு ஆக்டர சொல்லிவிட்டுக்கீறேன், அவன் வந்து வேலைய முடிக்கிற வரைக்கும் நான் எழுந்திருக்க மாட்டேன்'னு படுத்துக்கினாங்க."